வலது மேல் மூலை

லிஃப்ட் மெக்கானிக்குக்குக் குடியேற்றத் துறையிடமிருந்து அதுவரை ஐந்து கடிதங்கள் வந்திருந்தன. முதல் கடிதம், அவனுடைய விண்ணப்பம் கிடைத்துவிட்டது என்றது. இரண்டாவது, முதல் கடிதம் கிடைத்ததா என்று விசாரித்தது. மூன்றாவது, இரண்டாவது கடிதம் தவறுதலாக அனுப்பப்பட்டுவிட்டதாகவும், அதற்கு அவன் பதில் போட்டிருந்தால் அந்தப் பதிலை உடனே திரும்பப் பெற்றுக்கொள்ளும்படியும் கேட்டுக்கொண்டது. நான்காவதில் முகவரி மாற்றம். அவனுடையது அல்ல, துறையினுடையது. பழைய கட்டடத்திலிருந்து அதற்கு எதிரில் இருந்த கட்டடத்துக்கு மாறியிருந்தார்கள். ஐந்தாவதுதான் அவன் நான்கு வருடமாகக் காத்திருந்த கடிதம். மனைவியை அழைத்துவந்து தன்னோடு வைத்துக்கொள்ள அவனுக்குத் தகுதி வந்துவிட்டது. இணைத்துள்ள படிவம் 14-ஐப் பூர்த்தி செய்து அனுப்பினால் போதும்.

அவன் அந்த நாட்டுக்கு வேலைக்கு வந்து ஐந்து வருடம், கல்யாணமாகி நான்கு வருடம். இந்த நான்கு வருடத்தில் புருஷன் பெண்டாட்டி இருவரும் ஒரே கூரையின் கீழ் இருந்தது மொத்தம் எழுபத்தொரு நாள். கடைசி விடுமுறையின் பலனாக மனைவிக்கு இப்போது இருபத்தொன்பது வாரம். முப்பத்தாறு வாரம் ஆகிவிட்டால் விமானத்தில் ஏற்ற மாட்டார்கள். படிவம் வந்து சேர்ந்த பிறகு துறை நான்கு வாரம் எடுத்துக்கொள்ளும் என்று படிவத்திலேயே போட்டிருந்தது. ஆக, அவன் கையில் மூன்று வாரம் இருந்தது. ஒரு படிவத்தை நிரப்ப மூன்று வாரம் தாராளம் என்று நினைத்தான்.

படிவத்தில் நாற்பத்தொரு கட்டங்கள். முதல் கட்டம் பெயர், இரண்டாவது பிறந்த தேதி. இரண்டையும் அடித்தல் திருத்தல் இல்லாமல் எழுதினான். மூன்றாவதில் நின்றான்.

'தனிநபர் அடையாள எண், பதினோரு இலக்கம். இது உங்களுக்கு அனுப்பப்பட்ட எல்லாக் கடிதங்களிலும் வலது மேல் மூலையில் அச்சிடப்பட்டிருக்கும். எண் இல்லாத படிவங்கள் படிக்கப்படாமலே நிராகரிக்கப்படும்.'

ஐந்து கடிதங்களையும் சாப்பாட்டு மேசையில் வரிசையாகப் பரப்பினான். ஐந்திலும் வலது மேல் மூலையில், டீ கிளாஸ் வாய் அளவுக்கு ஒரு வட்டமான ஊதா சீல் ஓங்கிக் குத்தப்பட்டிருந்தது. 'உண்மையானது' என்று அந்த சீல் சொன்னது. சீலுக்கு இடது பக்கம் ஏதோ ஒரு இலக்கத்தின் முன்பாதி எட்டிப் பார்த்தது. ஒன்றாக இருக்கலாம், ஏழாக இருக்கலாம். வலது பக்கம் ஒரு வளைவு தெரிந்தது. அது பூஜ்யமா, மூன்றா, எட்டா, ஒன்பதா என்று அந்த இலக்கத்துக்கே வெளிச்சம். மிச்சம் ஒன்பதும் மைக்குள் முங்கிக் கிடந்தன.

செல்போன் வெளிச்சத்தைக் கடிதத்தின் மேல் அடித்துப் பார்த்தான். மை பளபளத்தது. பஞ்சில் ஸ்பிரிட் நனைத்து இரண்டாவது கடிதத்தின் மூலையில் மெல்லத் தேய்த்தான். சீல் அப்படியே இருந்தது. காகிதத்தில் ஓட்டை விழுந்தது.

அப்போதுதான் ஊரிலிருந்து மனைவி கூப்பிட்டாள்.

"என்னங்க, படிவத்த அனுப்பிட்டீங்களா?"

"ஒரே ஒரு கட்டத்துலதான் தகராறு."

"அப்போ மீதி நாப்பதும் முடிச்சிட்டீங்க?"

"இல்ல. ரெண்டு முடிச்சிருக்கேன். மூணுல நிக்குது."

"ரெண்டுக்கும் மூணுக்கும் நடுவுல நிக்கறத சரி பண்ணத்தானே உங்களுக்கு அங்க வேலை குடுத்திருக்காங்க? பண்ணுங்க. இங்க எனக்கு செருப்புக்குள்ள கால் போக மாட்டேங்குது."

மறுநாள் மதியம், ஒரு துணிக்கடை மாடியில் வேலையை முடித்துவிட்டுத் துறையின் உதவி எண்ணுக்குப் போன் செய்தான். இனிமையான பெண் குரல் ஒன்று வரவேற்றது. அவனுடைய அழைப்பு தங்களுக்கு மிகவும் முக்கியமானது என்றது. தனிநபர் அடையாள எண்ணை அழுத்தச் சொன்னது. எண் தெரியாதவர்கள் ஒன்பதை அழுத்தலாம் என்றது. அவன் ஒன்பதை அழுத்தினான். "உங்கள் எண்ணைத் தெரிந்துகொள்ள விரும்புகிறீர்கள். நன்றி. பாதுகாப்புக் காரணங்களுக்காக உங்கள் எண்ணை அழுத்தவும்" என்றது குரல். அவன் மறுபடி ஒன்பதை அழுத்தினான். குரல் மறுபடி நன்றி சொன்னது. இப்படிப் பத்து நிமிடம் இருவரும் மாற்றி மாற்றி மரியாதை செய்துகொண்டார்கள். கடைசியில் ஒரு நிஜ மனிதர் லைனுக்கு வந்தார். அவன் முழுக் கதையையும் சொன்னான். அவர் குறுக்கே பேசாமல் பொறுமையாகக் கேட்டார்.

"புரியுது சார். உங்க எண்ணைச் சொல்லுங்க, உடனே பாத்துச் சொல்றேன்."

அதனால் துறையின் கட்டடத்துக்கு நேரிலேயே போனான்.

தரைத்தளத்தில் இரண்டு கூடங்கள். ஒன்று 'எண் உள்ளோர்' கூடம். ஏசி, மெத்தை நாற்காலி, தண்ணீர் மெஷின் எல்லாம் இருந்தன. ஆள் ஒருவர்கூட இல்லை. அடுத்தது 'எண் இல்லாதோர்' கூடம். அங்கே சுமார் முந்நூறு பேர் இருந்தார்கள். நாற்காலிகள் ஒன்றோடொன்று பற்றவைக்கப்பட்டிருந்தன. யாராவது ஒருவர் எழுந்தால் அந்த வரிசையே ஆடியது.

அவனுக்குப் பக்கத்தில் நர்ஸ் யூனிஃபார்மில் ஒரு அம்மாள் உட்கார்ந்திருந்தார். மடியில் ஒரு பெரிய பைல், அதன்மேல் சின்ன பைல், அதன்மேல் டிபன் டப்பா. கூடத்தில் எல்லோரும் அவரை பைலக்கா என்றுதான் கூப்பிட்டார்கள். மகளை அழைத்துக்கொள்ள இரண்டு வருடமாக வந்துகொண்டிருக்கிறாராம்.

"தம்பி புதுசா?" என்றார்.

"முதல் தடவைக்கா."

"தெரியுது. நிமிந்து உக்காந்திருக்கீங்களே."

நான்கு மணி நேரம் கழித்துக் கண்ணாடிக்குப் பின்னால் இருந்த கவுண்டர் அம்மாவிடம் போய் நின்றான். மூக்குக்கண்ணாடியைச் சங்கிலியில் மாட்டிக் கழுத்தில் தொங்கவிட்டிருந்தார். அவன் வாயைத் திறக்கும் முன்பே ஒரு தாளை வெளியே தள்ளினார். படிவம் 14-அ, எண் கண்டறிதல் கோரும் விண்ணப்பம். முதல் கட்டத்தில் தனிநபர் அடையாள எண் கேட்டிருந்தது.

"மேடம், இது தெரியாமதானே வந்திருக்கேன்?"

"தெரியலன்னா எழுத வேணாம்."

"அப்போ காலியா விடட்டுமா?"

"காலியா விட்டா நிராகரிச்சிடுவாங்க."

"அப்போ என்ன எழுதறது?"

கவுண்டர் அம்மா இரண்டு பக்கமும் பார்த்தார். குரலைத் தாழ்த்தினார். "நான் எதுவும் சொல்லக் கூடாது. சிலபேர் பூஜ்யம் போடறாங்க."

அவன் பதினோரு பூஜ்யம் போட்டான்.

எட்டாவது நாள் இரண்டு கடிதங்கள் ஒன்றாக வந்தன. கை கழுவாமல்கூட முதலாவதைப் பிரித்தான். 'மகிழ்ச்சியான செய்தி! தங்கள் எண் கண்டறியப்பட்டுவிட்டது. அது இக்கடிதத்தின் வலது மேல் மூலையில் அச்சிடப்பட்டுள்ளது.' வலது மேல் மூலையில் இந்த முறை இரண்டு சீல்கள் இருந்தன. 'உண்மையானது' என்பதன்மேல் 'அவசரம்' என்று சிவப்பில் குத்தியிருந்தார்கள்.

இரண்டாவது கடிதம், பதினோரு பூஜ்யம் எண்ணுக்கு உரியவர் தமது மூன்று குழந்தைகளையும் கைரேகை எடுக்க அழைத்துவர வேண்டும் என்றது.

மனைவியிடம் இதை மறைக்காமல் சொன்னான்.

"மூணா?" என்றாள்.

"அது வேற யாரோடதோ. பூஜ்யம் போட்டவங்க எல்லாரையும் ஒரே ஆளா சேத்து வச்சிருக்காங்க."

"பேர் போட்டிருக்கா?"

"எதுக்கு?"

"நம்ம பிள்ளைக்கு வேற பேர் யோசிக்கணுமில்ல." சிரிக்கிறாளா அழுகிறாளா என்று அவனுக்குப் பிடிபடவில்லை. பிறகு சொன்னாள்: "நேத்து டாக்டர் கேட்டாங்க, பிரசவத்துக்குக் கூட யார் இருப்பாங்கன்னு. வீட்டுக்காரர்னு சொல்லிட்டேன். எழுதிக்கிட்டாங்க. நான் பொய் சொன்னவளா ஆயிடக் கூடாதுங்க."

அவன் மறுபடி கூடத்துக்குப் போனான். குழந்தைகளை நீக்கப் படிவம் 14-இ இருப்பதாகவும், அதில் மூன்று குழந்தைகளும் சம்மதக் கையெழுத்துப் போட வேண்டும் என்றும் கவுண்டர் அம்மா சொன்னார். திரும்பி வந்து பைலக்கா பக்கத்தில் உட்கார்ந்தான்.

"உங்களுக்கு மூணு பிள்ளைங்கதானே தம்பி? சந்தோஷப்படுங்க. நான் பூஜ்யம் போட்டதுக்கு எனக்கு ஒரு மீன்பிடி படகு வந்திருக்கு. லைசென்ஸ் முடிஞ்சு போச்சாம். மூணு தடவை எச்சரிச்சுட்டாங்க."

"என்ன பண்ணப்போறீங்க?"

"புதுப்பிச்சிட்டேன். அந்த ஒரு வேலைதான் இங்க ரெண்டு வருஷத்துல எனக்கு ஒழுங்கா நடந்துச்சு." பைலக்கா டிபன் டப்பாவைத் திறந்து பாதி ரொட்டியை அவன் கையில் வைத்தார். "வரும்போது என் மகளுக்குப் பதினாறு. இப்போ பதினெட்டு ஆகப்போகுது. ஆயிட்டா அவ குழந்தை இல்லையாம், அழைக்க முடியாதாம். அதுக்கு இன்னும் இருபத்தஞ்சு நாள்தான் இருக்கு."

அவன் ரொட்டியைக் கடிக்காமல் கையிலேயே வைத்துக்கொண்டிருந்தான்.

மனைவிக்கு முப்பத்திரண்டாவது வாரம் முடிய ஒரு நாள் பாக்கி இருந்தபோது, காலை பத்தரை மணிக்குக் கம்பெனியிலிருந்து போன் வந்தது. ஒரு அரசாங்கக் கட்டடத்தில் லிஃப்ட் நின்றுவிட்டது, உள்ளே ஆள் இருக்கிறார், உடனே போ என்றார்கள். விலாசத்தைக் கேட்டதும் அவனுக்குத் தூக்கிவாரிப் போட்டது. மூன்று வாரமாக அவன் வெறித்துப் பார்த்துக்கொண்டிருந்த அதே கட்டடம்.

இந்த முறை டோக்கன் கேட்கவில்லை. யாரும் எண் கேட்கவில்லை. கருவிப் பையைப் பார்த்ததுமே காவலர் பின்வாசல் கதவை அகலத் திறந்து, "சீக்கிரம் சார், சீக்கிரம்" என்றார். 'பொதுமக்களுக்கு அனுமதி இல்லை' என்று எழுதிய நான்கு கதவுகளைத் தாண்டி மூன்றாம் மாடிக்கு ஓடினான். எண் கண்டறியும் பிரிவு அங்கேதான் இருந்தது. நாற்பத்திரண்டு மேசைகள், நாற்பத்திரண்டு பேர். எல்லோரும் வேலையை விட்டுவிட்டு லிஃப்ட் வாசலில் கூடி நின்றார்கள்.

கூண்டு இரண்டாம் மாடிக்கும் மூன்றாம் மாடிக்கும் நடுவில் மாட்டியிருந்தது. உள்ளே இருந்தவர் துணை இயக்குநர். ஐந்தாம் மாடியில் 'எளிமை வாரம்' தொடக்க விழாவுக்குப் போய்க்கொண்டிருந்திருக்கிறார். விளக்கும் போய்விட்டது. நேரத்தை வீணாக்காமல் இருட்டிலேயே உரையை ஒத்திகை பார்த்துக்கொண்டிருந்தார்.

"...அரசாங்கம் என்பது ஒரு கதவு! அந்தக் கதவு என்றும் திறந்தே இருக்கும்! யாரப்பா அது, சீக்கிரம் திறங்கய்யா!"

மெக்கானிக் சாவி போட்டு வெளிக்கதவைத் திறந்தான். உள்கதவு மேல்பக்கம் நாலு விரல் அகலத்துக்குத்தான் விலகியது. டார்ச்சைப் போட்டு, கூண்டுக்குள் வெளிச்சம் விழும்படி விளிம்பை ஒட்டித் தரையில் நிமிர்த்தி வைத்தான். பையிலிருந்து ஸ்பேனரை எடுத்தான். அதற்குள் பாதுகாப்பு அதிகாரி வந்து அவன் தோளைத் தொட்டார்.

"பணி ஆணை?"

"என்னது சார்?"

"பணி ஆணை இல்லாம இந்தக் கட்டடத்துல ஒரு ஸ்க்ரூவைக்கூட திருகக் கூடாது. துணை இயக்குநர் கையெழுத்து வேணும்."

"அவர் எங்க?"

"உள்ள."

உள்ளேயிருந்து குரல் வந்தது. "விதியாவது ஒண்ணாவது! நான் சொல்றேன், திறங்க!"

"வாய்மொழி உத்தரவு செல்லாது சார்" என்றார் பாதுகாப்பு அதிகாரி, மிகுந்த பணிவோடு. "போன வருஷ சுற்றறிக்கை. நீங்கதான் போட்டீங்க."

உள்ளேயிருந்து வந்த குரல் இறங்கியது.

"அதுல அவசரத்துக்கு விதிவிலக்கு எதுவும் வைக்கலையா?"

"எழுதி அனுப்பினோம் சார். நீங்கதான் அடிச்சிட்டீங்க. 'அவசரம் என்பது திட்டமிடாதவர்களின் சாக்கு'ன்னு ஓரத்துல எழுதியிருந்தீங்க. அந்த வரியை பிரேம் போட்டு மாட்டியிருக்கோம்."

பணி ஆணைப் படிவம் கொண்டுவர ஆள் ஓடினார். வந்தது. ஆனால் அதில் சீல் இல்லை. சீல் குத்த மறுபடி ஓடினார். சீல் அறைக்காரர் விழாவுக்குப் போயிருந்தார். அவரைக் கூப்பிட ஐந்தாம் மாடிக்குப் படியேறினார்கள். முக்கால் மணி நேரம் கழித்து ஈரம் காயாத சீலோடு தாள் வந்து சேர்ந்தது. இடுக்கு வழியாக உள்ளே நீட்டினார்கள். துணை இயக்குநர் முழங்காலில் வைத்துக் கையெழுத்துப் போட்டு, இடுக்கு வழியாகவே வெளியே தள்ளினார். தாள் வழுக்கிக்கொண்டு வந்து, நிமிர்த்தி வைத்திருந்த டார்ச்சின் முகத்தின்மேல் உட்கார்ந்தது.

மெக்கானிக் அதை எடுக்கக் குனிந்தவன் அப்படியே நின்றான்.

அடியிலிருந்து வெளிச்சம் பட்டதும் ஊதா மை வெறும் கண்ணாடிக் காகிதம் போல ஆகிவிட்டது. அதற்குள்ளே, கறுப்பாக, கொட்டை எழுத்தில், பதினோரு இலக்கங்கள் பளிச்சென்று தெரிந்தன. பணி ஆணையின் எண். இத்தனை நாளும் அவன் வெளிச்சத்தை முன்பக்கம்தான் அடித்துப் பார்த்திருந்தான். அரசாங்கக் காகிதத்தின் காலியான பின்பக்கத்தில் யாருக்கு என்ன வேலை?

அவனுடைய கடிதங்களும் படிவமும் கருவிப் பைக்குள்ளேயே இருந்தன. கை அங்கே போயிற்று. ஆனால் உள்ளே ஒரு மனிதர் வியர்த்துக்கொண்டிருந்தார். முதலில் மொட்டை மாடிக்கு ஓடி, மெஷின் ரூமில் சக்கரத்தைக் கையால் சுற்றி, கூண்டை மூன்றாம் மாடிக்கு ஏற்றிக் கதவைத் திறந்தான். எல்லாம் சேர்த்து ஆறு நிமிடம்.

துணை இயக்குநர் வெளியே வந்து, நாற்காலியில் உட்கார்ந்து இரண்டு கிளாஸ் தண்ணீர் குடித்தார். அவர் நல்ல மனிதர்தான். மெக்கானிக்கின் கையைப் பிடித்துக் குலுக்கி, "உனக்கு ஏதாவது வேணும்னா கேளுப்பா" என்றார்.

"சார், நானும் கீழ் கூடத்துல காத்திருக்கிறவன்தான். எண்ணு மேலயே சீல் விழுந்துடுது. அதனாலதான் யாருக்கும் தெரிய மாட்டேங்குது. சீலை இடது பக்கம் குத்தினா போதும் சார்."

துணை இயக்குநர் அவனைப் பரிவோடு பார்த்தார்.

"இதைத்தான் எல்லாரும் சொல்றாங்க. கேக்கறதுக்கு நல்லாத்தான் இருக்கு. ஆனா ஒண்ணு யோசி. எண் வலது மேல் மூலைல அச்சடிக்கணும்கிறது அச்சுப் பிரிவோட விதி. அவங்க அதை மீறினதே இல்ல. சீல் வலது மேல் மூலைல குத்தணும்கிறது சீல் பிரிவோட விதி. அவங்களும் ஒருநாள்கூட மீறினதில்ல. எண் தெரியாதவங்களுக்கு உதவறதுக்கு இந்த மாடியே இருக்கு. நாப்பத்திரண்டு பேர். நாலு பேருக்குப் போன மாசம் விருது குடுத்தோம். எங்கயாவது தப்பு நடந்திருந்தா சொல்லு, உடனே நடவடிக்கை எடுக்கறேன். எங்கயுமே தப்பு நடக்கல. அதான் இந்தத் துறையோட சிறப்பே. நீ சொல்ற மாதிரி சீலை நகத்தினா முதல் தப்பு அதுவாத்தான் இருக்கும்." எழுந்து சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டார். "அதோட, எண் சுலபமா கெடச்சிட்டா ஜனங்களுக்கு அதோட அருமை தெரியாது."

சுற்றியிருந்தவர்கள் கைதட்டினார்கள். அவர் எளிமை வாரத்தைத் தொடங்கிவைக்கப் படியேறிப் போனார்.

மெக்கானிக் படியிறங்கிப் போனான். எண் இல்லாதோர் கூடத்தில் பைலக்கா பக்கத்தில் உட்கார்ந்து, மடியில் டார்ச்சை நிமிர்த்தி, முதல் கடிதத்தை அதன்மேல் வைத்தான். ஒன்று, ஏழு இல்லை, ஒன்றுதான். பிறகு நான்கு, நான்கு, பூஜ்யம். பைலக்கா வாயைத் திறந்துகொண்டு பார்த்தார். அவன் இரண்டு கையாலும் டார்ச்சையும் கடிதத்தையும் பிடித்திருந்ததால் அவரே பேனாவை எடுத்து மூன்றாவது கட்டத்தில் எழுதினார். மீதி முப்பத்தெட்டு கட்டங்களுக்கும் அரைமணி நேரம்கூடப் பிடிக்கவில்லை.

அடுத்து பைலக்காவின் கடிதம். அவர் எண்ணைப் படித்துவிட்டு, மறுபடி முதலிலிருந்து படித்தார். பிறகு கைக்குட்டையால் முகத்தைத் துடைத்துக்கொண்டார்.

"ரெண்டு வருஷம் தம்பி. என் கைப்பையில எப்பவும் ஒரு டார்ச் கெடக்கும். பேஷண்ட்டுக்குத் தொண்டை பாக்கறதுக்கு."

விஷயம் வரிசை வரிசையாகப் பரவியது. யாரும் சத்தம் போடவில்லை. முந்நூறு பேரும் செல்போன் விளக்கைப் போட்டு அதன்மேல் கடிதத்தை வைத்தார்கள். கண் தெரியாதவர்களுக்குப் பக்கத்தில் இருந்தவர்கள் படித்துக் காட்டினார்கள். ஒருவர் தன் எண் தன் பிறந்த தேதியிலேயே தொடங்குவதைக் கண்டு ஆத்திரத்தில் நாற்காலியை உதைத்தார். வரிசையே ஆடியது. பகல் ஒரு மணிக்கெல்லாம் எல்லோரும் எழுந்து பக்கத்துக் கூடத்துக்குப் போய், மெத்தை நாற்காலிகளில் உட்கார்ந்தார்கள்.

எண் உள்ளோர் கவுண்டரைத் திறக்க ஆள் இல்லை. கவுண்டர் அம்மாவே சாவியைத் தேடி எடுத்துக்கொண்டு வந்தார். மெக்கானிக்கின் படிவத்தை வாங்கி, மூன்றாவது கட்டத்தை மூக்குக்கண்ணாடியைப் போட்டும் பார்த்தார், கழற்றியும் பார்த்தார்.

"பன்னெண்டு வருஷ சர்வீஸ்ல நான் இதைப் பாத்ததே இல்ல" என்றார். "இதை எந்தப் பெட்டில போடணும்னுகூட தெரியல." கம்ப்யூட்டரில் எண்ணை அடித்தார். திரையில் ஏதோ பச்சையாக வந்தது. ரசீது கொடுத்தார். கொடுத்துவிட்டு, சுற்றுமுற்றும் பார்த்து, தன் மேசை டிராயரிலிருந்து மடித்த கடிதம் ஒன்றை எடுத்துக் கண்ணாடிக்கு அடியில் நகர்த்தினார்.

"அந்த லைட்டைக் கொஞ்சம் காட்டுங்க. எங்க வீட்டுக்காரரோடது."

அன்று மாலைக்குள் மூன்றாம் மாடிக்கு வேலை இல்லாமல் போயிற்று. மறுநாள் காலை முதல் சுற்றறிக்கை வந்தது: கூடத்துக்குள் டார்ச் கொண்டுவரக் கூடாது. மதியம் இரண்டாவது: செல்போன் கூடாது. மூன்றாவது நாள், கடிதங்களைத் தூக்கிப் பிடித்துப் பார்க்கிறார்கள் என்று ஜன்னல்களுக்குக் கறுப்பு பெயின்ட் அடித்தார்கள். எளிமை வாரத்தின் கடைசி நாளில், கடிதத்தின் பின்பக்கத்திலும் சீல் குத்தப்படும் என்ற அறிவிப்பு வெளியானது. அது ஆரம்பிப்பதற்குள் அந்த முந்நூறு பேரும் படிவத்தைக் கொடுத்து முடித்திருந்தார்கள்.

பத்தாவது நாள் மெக்கானிக்குக்கு அழைப்பாணை வந்தது. குற்றம்: அனுமதியின்றி எண் அறிதல். விசாரணைக்கு வராவிட்டால் மனைவியின் விண்ணப்பம் நிறுத்திவைக்கப்படும். அதைப் படித்துவிட்டு அன்று முழுக்க அவன் சாப்பிடவில்லை. மனைவியிடம் சொல்லவில்லை. அவள் சூட்கேஸை அடுக்கிவிட்டதாகச் சொன்னாள். "ம்" என்றான்.

விசாரணை அறையில் மூன்று பேர் உட்கார்ந்திருந்தார்கள். நடுவில் துணை இயக்குநர், வலது பக்கம் சட்ட அதிகாரி, இடது பக்கம் குறிப்பு எழுதுபவர்.

"உன்மேல எனக்குத் தனிப்பட்ட கோபம் எதுவும் இல்லப்பா" என்றார் துணை இயக்குநர். "ஆனா துறையோட ரகசியத்தை முந்நூறு பேருக்கு வெளிப்படுத்தியிருக்க."

"அவங்க எண்ணைத்தான் சார் அவங்க பாத்தாங்க."

"அவங்க எண் அவங்களுக்கு எதுக்கு?"

"படிவத்துல நீங்கதானே சார் கேக்கறீங்க?"

"கேக்கறது எங்க கடமை. அதுக்காக சொல்லிடறதா?" துணை இயக்குநர் குறிப்பு எழுதுபவர் பக்கம் திரும்பினார். "வழக்கைப் பதிவு பண்ணுங்க. பதிவு பண்ணின கையோட அந்த விண்ணப்பத்தை நிறுத்துங்க."

குறிப்பு எழுதுபவர் கீபோர்டில் கை வைத்தார். கொஞ்ச நேரம் திரையைப் பார்த்தார். பிறகு தயங்கித் தயங்கிச் சொன்னார்: "சார், எண் கேக்குது."

"சொல்லுப்பா, உன் எண் என்ன?"

மெக்கானிக் ஒரு அடி முன்னால் வந்தான். எண் அவனுக்கு மனப்பாடம். மூன்று வாரம் தேடி அடைந்ததை இனி ஜென்மத்துக்கும் மறக்க முடியாது. வாயைத் திறந்தான். அதற்குள் சட்ட அதிகாரி கையை நீட்டித் தடுத்தார்.

"சார், வேண்டாம். இவர் வாயால சொன்னா, குற்றவாளி கிட்டயே குற்றத்தைச் செய்யச் சொன்ன மாதிரி ஆயிடும். நாமளும் அதுக்கு உடந்தை."

"அப்போ கடிதத்தைப் பாருங்க."

மூவரும் கடிதத்தைப் பார்த்தார்கள். மூவருக்கும் சீல் தெரிந்தது. குறிப்பு எழுதுபவர் தெரியாத்தனமாக, "சார், ஒரு டார்ச் இருந்தா..." என்று ஆரம்பித்தார். மற்ற இருவரும் பார்த்த பார்வையில் மிச்சத்தை விழுங்கிவிட்டார்.

கால்மணி நேரம் தாழ்ந்த குரலில் ஆலோசனை நடந்தது. முடிவில், குற்றம் சாட்டப்பட்டவரின் எண்ணைக் கண்டறிந்து தரும்படி வழக்கு மூன்றாம் மாடிக்கு அனுப்பப்பட்டது. நாற்பத்திரண்டு பேரும் மறுபடி மேசைக்குத் திரும்பினார்கள். அங்கே ஒரு வழக்குக்கு எண் கண்டுபிடிக்கச் சராசரியாக இரண்டு வருடம் ஆகும். முதல் கடிதமாக, பதினோரு பூஜ்யத்தின்பேரில், காணாமல் போன அந்த மூன்று குழந்தைகளைப் பற்றி விசாரித்து எழுதினார்கள்.

மனைவிக்கான அனுமதி அதற்குள் கிளம்பிவிட்டிருந்தது. எண் இருந்தால் முடிவெடுக்க அந்தக் கம்ப்யூட்டருக்கு நான்கு நிமிடம் போதும் என்று பிற்பாடு கவுண்டர் அம்மா சொல்லித்தான் தெரிந்தது. மீதி நாட்கள் கவர் ஒட்டுவதற்கு. பைலக்காவின் மகள், பதினெட்டு ஆவதற்கு முந்தின நாள் குழந்தையாகவே வந்து இறங்கினாள். அம்மாவைவிட அரை அடி உயரம் இருந்தாள்.

மனைவி வந்தது முப்பத்தைந்து வாரமும் நான்கு நாளும் ஆனபோது. விமான நிலையத்தில், வெளியே வரும் கதவருகில் அவன் இரண்டு மணி நேரமாக நின்றுகொண்டிருந்தான். அவள் ஒரு கையால் இடுப்பைப் பிடித்துக்கொண்டு, மற்ற கையில் ஒரு கனத்த பையோடு அசைந்து அசைந்து வந்தாள். கிட்டே வந்ததும் அவனை மேலும் கீழும் பார்த்தாள்.

"என்ன இது, பாதியா ஆயிட்டீங்க? உங்களுக்கும் சேத்து நானே ஊதியிருக்கேன்."

பையை வாங்கினான். தோள் இறங்கியது.

"என்னம்மா இதுல, கல்லா?"

"தெரியல. உள்ள கவுண்டர்ல குடுத்தாங்க. புதுசா வர்றவங்களுக்குத் துறையோட அன்பளிப்பாம். வாங்காம வெளிய விட மாட்டேன்னுட்டாங்க."

வீட்டுக்கு வந்து பிரித்துப் பார்த்தான். 'எளிய வழிகாட்டி', இரண்டு பாகம், கெட்டி அட்டை, ஒவ்வொன்றும் எண்ணூறு பக்கம். முதல் பக்கத்தில் துணை இயக்குநரின் புகைப்படம், புன்னகையோடு. அதற்கு அடுத்த பக்கத்தில் நிரப்ப வேண்டிய படிவங்களின் பட்டியல் தொடங்கியது. அவன் நின்றுகொண்டே புரட்ட ஆரம்பித்தான்.

"அதை இப்படிக் குடுங்க" என்றாள் மனைவி.

கொடுத்தான். அவள் இரண்டு பாகங்களையும் தரையில் ஒன்றின்மேல் ஒன்றாக அடுக்கி, நாற்காலியில் சாய்ந்து, வீங்கிய கால்கள் இரண்டையும் தூக்கி அவற்றின்மேல் வைத்துக்கொண்டாள். உயரம் கணக்காக இருந்தது. கண்ணை மூடி, நீளமாக ஒரு மூச்சு விட்டாள்.

"அப்பாடா" என்றாள். "இப்பத்தாங்க நல்லா இருக்கு."